65 டாலர் டவுசர்

முதலில் விலையைச் சொல்லிவிடுகிறேன். மலையேறுகிறவர்களுக்கும் கடலில் இறங்குகிறவர்களுக்கும் உடுப்பு விற்கிற பட்டகோனியா கம்பெனியின் 'பேகீஸ்' டவுசர், தொடையோடு நிற்கிற ஐந்து அங்குல அளவு, நான் வாங்கியபோது 65 டாலர். வரி தனி. தூத்துக்குடிக்குப் போனில் சொன்னேன். அம்மா கணக்குப் போட்டுவிட்டு, "அந்தக் காசுக்கு உங்கப்பாவுக்கு வருசம் பூராவும் சாரம் எடுக்கலாமே" என்றாள். சாரம் என்றால் எங்கள் ஊரில் லுங்கி. அதற்குப் பதில் சொல்ல எனக்கு இரண்டு வருடம் ஆகியிருக்கிறது. அதுதான் இந்த மதிப்புரை.

நான் இருப்பது கலிபோர்னியாவில் தவுசண்ட் ஓக்ஸ். 101 நெடுஞ்சாலையில் அரை மணி நேரம் மேற்கே போனால் வென்சுரா. பட்டகோனியாவின் தலைமையகமும் பழைய கடையும் அங்கேதான். நிறுவனர் இவோன் சுனார்ட் கொல்லுப்பட்டறை வைத்திருந்த தகரக் கொட்டகை இன்னும் அந்த வளாகத்தில் நிற்கிறது. 1957-ல் தானே இரும்பு அடிக்கப் பழகி, பாறையேறுகிறவர்கள் விரிசலில் அறையும் ஆணிகளைச் செய்து, ஒவ்வொன்றையும் ஒன்றரை டாலருக்கு விற்றவர். 1970 வாக்கில் அந்தச் சாமான் விற்பதில் அமெரிக்காவிலேயே பெரிய ஆள். அதே ஆணிதான் பாறையைத் தின்கிறது என்று கண்டதும், 1972 விலைப்பட்டியலில் கையால் செருகி எடுக்கிற அலுமினியக் கட்டைகளுக்கு மாறச் சொன்னார். வியாபாரத்தில் பெரும்பங்கு அந்த ஆணியில்தான் இருந்தது. துணிக்கடை அதற்குப் பிறகு, 1973-ல்.

சரி, டவுசர். 1982-லிருந்து வரும் மாடல். நைலான். கையில் எடுத்தால் காற்று மாதிரி இருக்கும். இடுப்பில் எலாஸ்டிக், உள்ளே கட்ட ஒரு நாடா. பக்கத்துப் பைகளின் அடியில் வலைத்துணி வைத்திருக்கிறார்கள், கடலில் இறங்கி ஏறினால் பையில் தண்ணீர் நிற்காது. பின்னால் ஒரே ஒரு பை, அழுத்துப் பொத்தானோடு. கார் சாவியை அதில் போட்டுத் தைரியமாக அலையில் முங்கியிருக்கிறேன். கரையேறி இட்லி டப்பாவைத் திறந்து முடிப்பதற்குள் துணி காய்ந்துவிடும். ஆண்களுக்கானதில் உள்ளே வலைத்துணியில் ஒரு ஜட்டி தைத்தே வருகிறது. அது எனக்குச் சரிப்படவில்லை, கத்தரியால் வெட்டி எடுத்து மேசை டிராயரில் போட்டேன். பலர் அப்படித்தான் செய்கிறார்கள். அந்தத் துண்டை மறந்துவிடாதீர்கள்.

நிறம் கொஞ்சம் வெளுத்திருக்கிறது. எலாஸ்டிக் அப்படியே இருக்கிறது. பொருளைப் பற்றி அவ்வளவுதான். இதற்கு இவ்வளவு விலை எதற்கு என்பதுதான் கேள்வி.

இந்தத் துறையில் எதை எடுத்தாலும் ஒரு அட்டை தொங்குகிறது. பூமியைக் காப்போம், சமூகத்தோடு நிற்போம். இதற்கு முன்னால் வேறொரு கம்பெனியின் முதுகுப்பை வாங்கியிருந்தேன், பெயர் வேண்டாம். ஒரு பை வாங்கினால் ஒரு மரம் நடுவோம் என்று அட்டையில் பச்சை எழுத்து. பதினாலாவது மாதம் இடுப்புப் பட்டையின் கொக்கி உடைந்தது. ஐம்பது காசு பிளாஸ்டிக். அந்தக் கொக்கியை மட்டும் அனுப்புங்கள், விலை தருகிறேன் என்று எழுதினேன். உதிரிபாகம் விற்பதில்லை, உத்தரவாதம் ஒரு வருடம்தான், ஆனால் உங்களை மதிக்கிறோம், புதுப் பைக்கு 20 சதவீதத் தள்ளுபடி இதோ என்று பதில் வந்தது. புதுப் பை வாங்கினால் இன்னொரு மரமும் நடுவார்களாம். பாண்டி பஜாரில் குடையின் கீழ் உட்கார்ந்து ஜிப்புக்கு ரன்னர் மாற்றித் தருகிறவர்களிடம் எப்படியாவது ஒரு கொக்கி இருந்திருக்கும். அவர்கள் மரம் நடுவதாகச் சொன்னதில்லை.

அதிலும் நான் தூத்துக்குடிக்காரன். சி.எஸ்.ஆர்., அதாவது கம்பெனிகளின் சமூகப் பொறுப்பு, என்ற மூன்றெழுத்தைப் பேருந்து நிழற்குடையிலும் பள்ளிக்கூடச் சுவரிலும் பார்த்து வளர்ந்தவன். 2018 மே 22 அன்று ஆலையை மூடச் சொல்லி ஊர்வலம் போனவர்கள் மீது துப்பாக்கிச்சூடு நடந்து 13 பேர் செத்த ஊர். ஒரு கம்பெனி தானாக முன்வந்து நல்லது செய்கிறேன் என்றால், முதலில் எங்களுக்குக் கை தானாகச் சட்டைப் பையைத் தடவிப் பார்க்கும்.

ஆனாலும் இந்த டவுசரை வாங்கினேன். காரணம், துணி எதிலிருந்து வந்தது என்று அட்டையில் இருந்தது: மீன்பிடி வலை.

சிலி நாட்டின் கடற்கரை ஊர்களில் பழைய வலைகளைச் சேகரிக்கிற 'பூரேயோ' என்ற சின்னக் கம்பெனி இருக்கிறது. 2013-ல் மூன்று அமெரிக்க இளைஞர்கள் ஆரம்பித்தது. அங்குள்ள மப்புச்சே பழங்குடிகளின் மொழியில் அந்தச் சொல்லுக்கு அலைகள் என்று பொருள். முதலில் வலையை உருக்கி ஸ்கேட்போர்டு செய்தார்கள். பட்டகோனியா அதில் முதலீடு போட்டது. வலை நைலானைத் திரும்ப நூலாக்கும் வழி தேறியதும் 2020-ல் தொப்பி விளிம்புகளில் ஆரம்பித்து, பிறகு ஜாக்கெட், டவுசர் என்று பரவியது. 'நெட்பிளஸ்' என்று அந்தத் துணிக்குப் பெயர்.

போன வருடம் அப்பா ஆறு மாத விசாவில் வந்திருந்தார். முப்பத்தைந்து வருடம் திரேஸ்புரத்திலிருந்து வள்ளத்தில் கடலுக்குப் போனவர். கொடியில் காய்ந்த டவுசரைப் பார்த்து, "என்னல இது, பள்ளிக்கூடத்துப் பயலுவ டவுசர் மாரி?" என்றார். வலையில் செய்தது என்று சொன்னேன். சட்டென்று எழுந்து போய் கொடியிலிருந்து எடுத்து, நகத்தால் சுரண்டி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். "தங்கூசியா?" தங்கூசி என்றால் வலை பின்னுகிற ஒற்றை நைலான் இழை.

இல்லை, உருக்கி நூலாக்கினது என்றேன். கடலில் மிதக்கிறதை அள்ளிச் செய்கிறானா என்று கேட்டார். எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியிருந்தது, கடலைப் பெருக்குகிற மாதிரி ஒரு படம் மனதில். அப்படி இல்லை. உழைத்து ஓய்ந்த வலை கரையில் கிடக்கும்போதே மீனவர்களிடமிருந்து வாங்கிக்கொள்கிறார்கள். அப்பாவுக்கு அது உடனே புரிந்தது. "ஆமா, கரையில வாங்குனாத்தான் உண்டு. பாருல மாட்டுன வலைய எவன் எடுப்பான்?" மன்னார் வளைகுடாவில் பார் என்றால் கடலுக்கடியில் உள்ள பாறை, பவளம் எல்லாம் சேர்ந்த திட்டு. அதில் வலை மாட்டினால் அறுத்துவிட்டு வருவதுதான் வழக்கம். அறுந்த வலை அங்கேயே கிடந்து வருடக்கணக்கில் யாருக்கும் இல்லாமல் மீன் பிடித்துக்கொண்டிருக்கும். கரையில் ஓய்ந்த வலை எங்கள் வீட்டில் கோழிக்கூட்டுக்கும் முருங்கைக் கன்றுக்கும் போகும். மிச்சம் மணலில் புதையும், இல்லையென்றால் எரியும்.

அப்புறம் அப்பா ஒரு கேள்வி கேட்டார். "வலைய குடுத்தவனுக்கு என்ன குடுக்கான்?"

நான் படித்துவைத்திருந்த பூமி, கடல், கார்பன் எல்லாவற்றையும் தாண்டி நேரே அங்கே போய் நின்றார். வலைக்குப் பணம் உண்டு, அதில் ஒரு பகுதி அந்த மீனவ ஊர்களின் பொதுக் காரியங்களுக்குப் போகிறது என்றேன். "கிலோவுக்கா, வலைக்கா?" என்று மடக்கினார். ஈர வலை எடை கூடும், மண் ஒட்டியிருந்தால் இன்னும் கூடும், அதை யார் கழுவுவது, கூலி யாருடையது. வியாபாரிகளிடம் முப்பத்தைந்து வருடம் தராசில் ஏமாந்தவர். எந்தத் தணிக்கை அதிகாரியும் அப்படிக் கேட்டிருக்க மாட்டான்.

அந்தக் கேள்வியை வைத்துக்கொண்டு டவுசரின் மற்ற அட்டைகளையும் படித்தேன். என் டவுசரின் உள்பக்கம் சின்னப் பட்டியில் இலங்கையில் தைத்தது என்றிருக்கிறது. சிலி வலை, இலங்கைத் தையல், கலிபோர்னியாக் கடை, தூத்துக்குடி இடுப்பு. தைத்த பெண்ணுக்கு என்ன கொடுக்கிறான்?

பட்டகோனியா 2014-லிருந்து 'ஃபேர் டிரேட்' ஏற்பாட்டில் இருக்கிறது. தைத்து வரும் ஒவ்வொரு உருப்படிக்கும் ஆலைக்குக் கொடுக்கும் விலைக்கு மேல் ஒரு தொகை கட்டுவார்கள். அது முதலாளி கைக்குப் போகாது. தொழிலாளர்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த கமிட்டி அதை என்ன செய்வதென்று முடிவெடுக்கும்: ரொக்கமாகப் பிரிக்கலாம், குழந்தைகள் காப்பகம் வைக்கலாம், மருத்துவச் செலவுக்கு ஒதுக்கலாம். நிழற்குடை கட்டிப் பெயர்ப்பலகை வைப்பதற்கும் இதற்கும் உள்ள தூரம் பெரிது, ஏனென்றால் இங்கே பணம் எதற்கு என்று தீர்மானிப்பது அதைப் பெறுகிற தொழிலாளிகள்தான். ஆனால் அது சம்பளத்துக்கு மேல் வரும் கொசுறுதான். சம்பளம்? கம்பெனியே சில வருடங்களுக்கு முன் வெளியிட்ட கணக்குப்படி, அவர்களுக்குத் தைத்துத் தரும் ஆலைகளில் பாதிக்கும் குறைவானவையே, குடும்பம் கௌரவமாக வாழப் போதுமான ஊதியத்தைச் சராசரியாக எட்டியிருந்தன. 65 டாலர் டவுசருக்கு இது போதாது. ஒளிக்காமல் எழுதியிருக்கிறார்கள் என்பதற்காக ஒரு நட்சத்திரம் கூட்டலாமா குறைக்கலாமா என்று எனக்கு இன்னும் குழப்பம்தான்.

இதைவிட என்னைத் தொட்டது தைவான் கதை. 2011-ல் அவர்களுக்குத் துணி நெய்து கொடுக்கும் தைவான் ஆலைகளைத் தணிக்கை செய்தபோது, அங்கே வேலை பார்த்த வெளிநாட்டுத் தொழிலாளர்கள் வேலை கிடைக்கவே புரோக்கருக்குக் காசு கட்டியிருந்தது தெரியவந்தது. சிலர் 7,000 டாலர் வரை. அந்தக் கடனை அடைக்கவே பல மாதம், சிலருக்கு வருடக்கணக்கில் வேலை. சித்தி மகன் சிங்கப்பூர் போனபோது ஏஜென்டுக்குக் கட்ட சித்தியின் தாலிச் சங்கிலி அடகுக்குப் போனது, மூன்று வருடம் கழித்துத்தான் திரும்பியது. எங்கள் பக்கம் இது வீட்டுக்கு ஒரு கதை. ஆகவே 'கொத்தடிமை' என்று பெரிய வார்த்தை போடாமலே எனக்கு விஷயம் விளங்கிற்று.

பட்டகோனியா 2014-ல் ஒரு விதி கொண்டுவந்தது: 2015 ஜூன் 1 முதல் சேருகிற எந்தத் தொழிலாளியிடமும் ஏஜென்ட் காசு வாங்கக்கூடாது, அது ஆலையின் செலவு. நடந்ததைத் தாங்களே வெளியே சொன்னார்கள். துணிக்கடைக்காரன் தனக்கு நூல் தரும் மில்லில் ஏஜென்ட் கமிஷன் வரை போய்ப் பார்ப்பது அபூர்வம். பார்க்காமல் இருந்திருந்தால் யாரும் கேட்டிருக்கவும் மாட்டார்கள்.

பெரிய தொகைகள் பற்றிச் சுருக்கமாக. எண்பதுகளிலிருந்தே சூழல் குழுக்களுக்குப் பணம் கொடுக்கிறார்கள், இப்போது விற்பனையில் 1 சதவீதம். நம் நாட்டுக் கம்பெனிச் சட்டம் 2013-ல் சொல்வது மூன்று வருட சராசரி நிகர லாபத்தில் 2 சதவீதம். லாபம் என்பது கணக்குப்பிள்ளை நினைத்தால் சுருங்கும் சாமான். விற்பனை அப்படிச் சுருங்காது. கொடுப்பதும் பெரும்பாலும் ஒரு ஆற்றுக்காகவோ காட்டுக்காகவோ சண்டை போடும் சின்னக் குழுக்களுக்கு. இந்தப் பழக்கம் வென்சுரா ஆற்றில் தொடங்கியது. எழுபதுகளின் ஆரம்பத்தில் ஆறு செத்துவிட்டது, வாய்க்காலாக மாற்றினால் ஒன்றும் போகாது என்று நகரசபையில் பேசியபோது, ஒரு மாணவர் எழுந்து அதே ஆற்றில் இருக்கும் பறவை, பாம்பு, கடலிலிருந்து ஏறிவரும் மீன் எல்லாவற்றையும் படமாகப் போட்டுக் காட்டினாராம். அவருக்கு ஒரு மேசையும் தபால் பெட்டியும் கொஞ்சம் பணமும் கொடுத்ததுதான் முதல் உதவி. அந்த ஆற்றின் மேலே மட்டிலிகா அணை மண் நிரம்பி இன்னும் நிற்கிறது. அதை இடிக்கும் முயற்சி இருபது வருடத்துக்கு மேலாகப் போய்க்கொண்டிருக்கிறது.

2022 செப்டம்பரில் சுனார்ட் குடும்பம் கம்பெனியையே எழுதிக்கொடுத்துவிட்டது. ஓட்டுரிமை உள்ள 2 சதவீதப் பங்கு ஒரு அறக்கட்டளைக்கு, மீதி 98 சதவீதம் 'ஹோல்ட்ஃபாஸ்ட் கலெக்டிவ்' என்ற லாபநோக்கற்ற அமைப்புக்கு. பூமிதான் இனி எங்கள் ஒரே பங்குதாரர் என்றார்கள். அப்பாவிடம் சொன்னேன். "பூமி பேருக்குப் பட்டா மாத்திட்டாரா?" என்று சிரித்தார். அப்புறம், "மாதா கோயிலுக்கு எழுதிவைக்கிற மாரிதான். சொத்து மாதா பேருல, சாவி யாருட்ட?" என்றார். சாவி குடும்பமும் அவர்களுக்கு நெருக்கமானவர்களும் நடத்தும் அந்த 2 சதவீதத்திடம். அதற்குக் குடும்பம் கட்டிய வரி 17.5 மில்லியன் டாலர். கம்பெனியின் மதிப்பு சுமார் 3 பில்லியன். விற்றிருந்தால் கட்ட வேண்டியிருந்த வரி எத்தனையோ மடங்கு. நல்ல காரியம்தான், வரியும் மிச்சம்தான். இரண்டையும் சேர்த்தே சொல்லவேண்டும்.

பக்கத்துக் கடையையும் பார்த்துவிடலாம். மலையேற்றம், முகாம் சாமான்கள் விற்கிற ஆர்.இ.ஐ. கூட்டுறவு நிறுவனம் 2015-ல் கருப்பு வெள்ளியன்று, அமெரிக்கா முழுக்கக் கடை முன்னால் வரிசை நிற்கிற நாளில், தன் 143 கடைகளையும் மூடிவிட்டு 12,000 ஊழியர்களுக்குச் சம்பளத்தோடு விடுமுறை கொடுத்தது. வெளியே போய் நடங்கள் என்றது. அருமையான செயல். 2022-ல் அதன் மன்ஹாட்டன் கடை ஊழியர்கள் சங்கம் வைக்கக் கிளம்பியபோது நிர்வாகம் ஒரு ஒலிப்பதிவு வெளியிட்டது. தாங்கள் அமர்ந்திருக்கும் நிலத்தின் பூர்வகுடிகளுக்கு வணக்கம் சொல்லி ஆரம்பித்து, சங்கம் ஏன் தேவையில்லை என்று விளக்கிற்று. ஊழியர்கள் 88-க்கு 14 என்று ஓட்டுப் போட்டுச் சங்கம் வைத்தார்கள்.

டவுசருக்குத் திரும்புகிறேன். மாலிபு க்ரீக் பூங்காவில் பாறைக்குளம் ஒன்று இருக்கிறது. அப்பாவுக்குக் காட்டக் கூட்டிப்போனேன். அவர் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு ஆடு மாதிரி பாறையில் ஏறிப்போனார். நான் சறுக்கி உட்கார்ந்தேன். பின்பக்கம் நான்கு விரல் நீளத்துக்குக் கிழிசல். தப்பு முழுக்க என்னுடையது.

பட்டகோனியா பழுது பார்த்துத் தரும். நெவாடாவில் ரீனோ நகரில் அதற்கென்றே பெரிய பட்டறை வைத்திருக்கிறார்கள். நண்பர் ஒருவரின் ஜாக்கெட்டுக்கு அங்கே ஜிப் முழுவதும் மாறி வந்தது, தையல் எங்கே பிரித்தார்கள் என்றே கண்டுபிடிக்க முடியவில்லை. வீட்டிலேயே தைத்துக்கொள்ள விளக்கப் படங்களும் இணையத்தில் இலவசமாகப் போட்டிருக்கிறார்கள். 2011-ல் நியூயார்க் டைம்ஸில் தன் ஜாக்கெட்டையே படம் போட்டு 'இதை வாங்காதீர்கள்' என்று விளம்பரம் செய்த கம்பெனி. அந்த ஒரு ஜாக்கெட்டுக்கு 135 லிட்டர் தண்ணீர் செலவு என்று அதிலேயே எழுதியிருந்தது.

நான் ரீனோவுக்கு அனுப்பும் படிவத்தை நிரப்பிக்கொண்டிருந்தபோது அப்பா வந்து, "கிழிசலுக்குத் தபாலா?" என்று டவுசரைப் பிடுங்கிக்கொண்டார். ஊசி இருந்தது, கறுப்பு நூல் இருந்தது. நூலை இரண்டு விரலில் சுற்றி வெட்டி இழுத்தார், அறுந்தது. "பஞ்சு." குளியலறைக்குப் போய் என் பல்லிடுக்குச் சுத்தம் செய்யும் நூலை எடுத்துவந்தார். மெழுகு தடவிய நைலான். இழுத்துப் பார்த்தார், நின்றது. அப்புறம் கிழிசலுக்குப் பின்னால் வைக்க ஒட்டுத்துணி கேட்டார். டிராயரில் கிடந்த அந்த வலை ஜட்டித் துண்டைக் கொடுத்தேன். ரொம்ப நேரம் சிரித்தார்.

வலைத்துண்டை நான்காக மடித்து உள்ளே வைத்தார். கிழிசலின் இரு கரையையும் இழுத்து நெருக்கவில்லை, அப்படி இழுத்தால் பக்கத்தில் கிழியும் என்றார். ஒவ்வொரு தையலையும் தனித்தனியாக முடிச்சிட்டார். ஒன்று அறுந்தாலும் அடுத்தது நிற்கும், வலை பொத்துவது இப்படித்தான். இருபத்திரண்டு முடிச்சு. வெள்ளை நூல், நீலத் துணி, பார்க்க மீன் முள் மாதிரி இருக்கிறது. புதினா வாசனை இரண்டு சலவை வரை இருந்தது.

சலவை என்றதும் ஒன்று. செயற்கை இழை ஜாக்கெட்டுகளைத் துவைத்தால் ஒரு சலவைக்குச் சராசரி 1.7 கிராம் நுண்ணிழை உதிர்கிறது என்று 2016-ல் சாண்டா பார்பரா பல்கலைக்கழகத்தார் கண்டார்கள். ஆய்வுக்குப் பணம் கொடுத்தது பட்டகோனியாவேதான். வலையாகக் கடலுக்குப் போகவிருந்தது, இழையாகப் போய்ச் சேரலாம். இப்போது நான் அலசிப் போடுகிறேன், அழுக்கானால் மட்டும் மெஷின்.

வாங்கலாமா? புதுசு வேண்டாம் என்பேன். இவர்களே பழையதை வாங்கிச் சுத்தம் செய்து விற்கும் 'வோர்ன் வேர்' பக்கத்தில் பாருங்கள், இதே டவுசர் விலை குறைவாகக் கிடைக்கும். இடுப்பு தாராளமாக இருக்கும், இரண்டு அளவுக்கு நடுவில் இருந்தால் சின்னதை எடுங்கள். தொடை தெரிவது கூச்சம் என்றால் ஏழு அங்குலமும் இருக்கிறது. ஐந்துக்கு நான்கு நட்சத்திரம். ஒன்றைக் குறைத்தது தையல்காரப் பெண்ணின் சம்பளக் கணக்குக்காக.

அப்பா ஊருக்குப் போய்ச் சேர்ந்து போன் பண்ணினார். திரேஸ்புரத்தில் ஓய்ந்த வலை எவ்வளவு தேறும் என்று நாலு பேரிடம் விசாரித்திருக்கிறார். அந்த சிலிக்காரன் கிலோவுக்கு எவ்வளவு தருகிறான் என்று கேட்டுச் சொல்லச் சொன்னார், கழுவினதுக்கு ஒரு ரேட்டு, கழுவாததுக்கு ஒரு ரேட்டு.